எலக்ட்ரிக் பிரஷர் குக்கரில் எண்ணெய்: எவ்வளவு ஊற்றலாம், எப்போது ஊற்றலாம்?

முல்லைப்பந்தல், தக்கலை

அனைவருக்கும் வணக்கம். துபாயில் வேலை பார்க்கும் என் தம்பி விடுமுறைக்கு வந்தபோது ஆறு லிட்டர் கொள்ளளவுள்ள எலக்ட்ரிக் பிரஷர் குக்கர் ஒன்றைக் கொண்டுவந்து தந்திருக்கிறான். கேஸ் அடுப்பில் வெயிட் போட்டு விசில் எண்ணிச் சமைத்துப் பழகிய எனக்கு, பருப்பையும் கடலையையும் இதில் வேகவைப்பதில் சிரமம் ஏதும் ஏற்படவில்லை. ஐயமெல்லாம் எண்ணெயைப் பற்றியதுதான்.

நம் பக்கத்துச் சமையலில் தேங்காய் எண்ணெய் இல்லாமல் ஒரு குழம்பும் தொடங்குவதில்லை; அவியலோ அதே எண்ணெயில்தான் முடிகிறது. இந்தக் குக்கரில் மூடியைத் திறந்து வைத்து வதக்குவதற்கென்று ஒரு பட்டன் இருக்கிறது. அதில் எவ்வளவு எண்ணெய் வரை ஊற்றலாம்? செக்கில் ஆட்டிய எண்ணெய் என்றால் விரைவில் புகைந்துவிடுமா? என் மாமியார் பருப்பு வேகவைக்கும்போதும் சம்பா அரிசி வைக்கும்போதும் ஒரு கரண்டி எண்ணெய் விடுவது வழக்கம். அது இந்தக் கருவியின் வால்வுக்குக் கெடுதல் செய்யுமா? இவை ஒருபுறம் இருக்க, அரை லிட்டருக்கு மேல் எண்ணெய் ஊற்றி, கோழித்துண்டுகளைப் போட்டு, மூடியைப் பூட்டிப் பொரித்தெடுக்கும் காணொளி ஒன்றைப் பார்த்தேன். வீட்டில் பிள்ளைகள் அதைச் செய்து தரும்படி கேட்கிறார்கள். குக்கருடன் வந்த கையேட்டில் எண்ணெயில் பொரிக்கக் கூடாது என்று ஒரே ஒரு வரி இருக்கிறதே தவிர, காரணம் எதுவும் சொல்லப்படவில்லை. காரணம் தெரியாத விதியைப் பிள்ளைகளிடம் வலியுறுத்த என்னால் இயலவில்லை. அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

வேளிமலை, முன்னாள் இயற்பியல் ஆசிரியர்

அன்புச் சகோதரிக்கு, அந்தக் காணொளியில் கண்டதை மட்டும் தயவுசெய்து செய்து பார்க்க வேண்டாம். காரணத்தைக் கேட்டிருக்கிறீர்கள், சற்று நீளமாகவே சொல்கிறேன்.

பிரஷர் குக்கரை இயக்குவது நீராவி. திறந்த பாத்திரத்தில் தண்ணீர் 100 டிகிரி செல்சியஸில் கொதிக்கிறது. அடுப்பை எவ்வளவு கூட்டினாலும் அதற்கு மேல் சூடாகாமல் ஆவியாகிப் போய்விடுகிறது. மூடியைப் பூட்டியதும் ஆவி உள்ளேயே சேர்ந்து அழுத்தம் ஏறுவதால், கொதிநிலையும் ஏறுகிறது. வெயிட் போடும் நம் அடுப்புக் குக்கரில் அது ஏறத்தாழ 120 டிகிரி. எலக்ட்ரிக் குக்கர்கள் பெரும்பாலும் அதைவிடச் சற்றுக் குறைந்த அழுத்தத்தில் இயங்குவதால் 115 முதல் 118 டிகிரி வரை. உள்ளே போதிய தண்ணீர் இருக்கும்வரை வெப்பம் இந்த எல்லையைத் தாண்டாது. கேஸ்கெட், வால்வ், மூடியைப் பூட்டும் ஊசி, அடியில் இருக்கும் வெப்ப உணரி ஆகிய அனைத்தும் இந்த எல்லையை நம்பியே வடிவமைக்கப்பட்டிருக்கின்றன.

எண்ணெய்க்கு இப்படி ஓர் எல்லை இல்லை. அது தண்ணீரைப் போலக் கொதித்து ஆவியாவதில்லை. சூடு ஏற ஏற முதலில் புகையும், அதன் பிறகு தீப்பற்றும். பொரிப்பதற்கு நாம் பயன்படுத்தும் சூடே 170 முதல் 190 டிகிரி வரை இருக்கும். எண்ணெயை மட்டும் ஊற்றி மூடியைப் பூட்டினால் ஆவி உண்டாகாது, அழுத்தம் ஏறாது, பாதுகாப்பு ஊசி மேலெழாது. ஆகவே நீங்கள் திருகி மூடியிருந்தாலும், திறக்க முடியாதபடி அது தாழிட்டுக்கொள்ளாது. உள்ளே கடுஞ்சூடான எண்ணெய் இருக்க, வெளியிலிருந்து பார்ப்பவருக்கு இயந்திரம் இன்னும் வேலையைத் தொடங்கவில்லை என்றே தோன்றும்.

அதனுள் கோழியைப் போடும்போது நிலைமை இன்னும் மோசமாகிறது. பச்சைக் கோழி இறைச்சியின் எடையில் ஏறத்தாழ முக்கால் பங்கு நீர்தான். அந்த நீர் சூடான எண்ணெய்க்குள் ஆவியாகிக் குமிழ்களாகக் கிளம்பும். எண்ணெய் நுரைத்து மேலேறும். குறுகலும் உயரமுமான அந்தப் பானையில் வால்வ் வரை எட்டும். அழுத்தத்தை வெளியேற்ற நீங்கள் வால்வைத் திருப்பும் கணத்தில் உள்ளே அழுத்தம் சட்டென்று இறங்குகிறது. அதுவரை அழுத்தத்தால் அடங்கியிருந்த நீர் ஒரே நேரத்தில் எல்லாத் துண்டுகளிலிருந்தும் ஆவியாகிப் பாய்கிறது. ஒரு பங்கு நீர் ஆவியாகும்போது ஏறத்தாழ 1,700 பங்கு இடத்தை அடைக்கும் என்பதை நினைத்துப் பாருங்கள். அந்த வேகத்தில் வெளியே வருவது நீராவி மட்டுமாக இராது, கொதிக்கும் எண்ணெயும் சேர்ந்தே வரும்.

இந்த எண்ணம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால், அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில் கார்பின் என்னும் ஊரில் உணவகம் நடத்திய ஹார்லண்ட் சாண்டர்ஸ், 1930களின் இறுதியில் பிரஷர் குக்கரில் கோழியைப் பொரித்து விற்றார் என்பது வரலாறு. ஆனால் பின்னர் கடைகளில் வந்தவை அதற்கென்றே செய்யப்பட்ட பொரிப்புக் கருவிகள். அவற்றின் மூடி திருகித் தாழிடப்படுவது. எண்ணெயின் சூட்டை அளந்து கட்டுப்படுத்தும் அமைப்பும் அவற்றில் உண்டு. நம் வீட்டுக் கருவியில் இருப்பது பானையின் அடிப்பகுதிச் சூட்டை அறியும் உணரி மட்டுமே.

செக்கு எண்ணெய் பற்றிய உங்கள் கேள்விக்குச் சுருக்கமாகச் சொன்னால், சுத்திகரிக்காத தேங்காய் எண்ணெய் ஏறத்தாழ 175 டிகிரியிலேயே புகையத் தொடங்கும். சுத்திகரித்தது 200 டிகிரிக்கு மேல் தாங்கும். வதக்கும் பட்டனில் சூட்டைக் கூட்டவும் குறைக்கவும் வழியிருந்தால், செக்கு எண்ணெய்க்கு நடுத்தர நிலையே போதும்.

கடலோரத்துக்காரன், குளச்சல்

ஆசிரியர் ஐயா சொல்வதை மறுக்கவில்லை. ஆனால் நாங்கள் பல ஆண்டுகளாக அடுப்புக் குக்கரில் கேஸ்கெட்டையும் வெயிட்டையும் எடுத்துவிட்டு, மூடியைச் சும்மா மேலே வைத்து மீனும் கோழியும் பொரித்து வருகிறோம். எண்ணெய் வெளியே தெறிக்காது, கோழியும் உள்ளே நன்றாக வெந்துவிடும். அதையே எலக்ட்ரிக் குக்கரில் மூடியைப் பூட்டாமல் செய்தால் என்ன தவறு?

வேளிமலை, முன்னாள் இயற்பியல் ஆசிரியர்

தம்பி, நீங்கள் செய்வதில் அழுத்தம் இல்லை. அந்த வகையில் அது காணொளியில் இருப்பதைப் போன்ற ஆபத்து அன்று. இருந்தாலும் அங்கும் ஒரு சிக்கல் இருக்கிறது. மூடியின் உட்புறத்தில் படியும் ஆவி நீர்த்துளிகளாகி, நீங்கள் மூடியை எடுக்கும்போது சூடான எண்ணெயில் ஒரு சேர விழும், தெறிப்பது அப்போதுதான்.

எலக்ட்ரிக் குக்கரில் இதைத் திறந்து வைத்தே செய்தாலும் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். அதன் உட்பானைக்குப் பெரும்பாலும் கைப்பிடி இருப்பதில்லை. வாணலியில் புகை கிளம்பினால் அடுப்பை அணைத்துவிடலாம், தேவைப்பட்டால் காதைப் பிடித்து இறக்கியும் வைக்கலாம். இதிலோ, மின்சாரத்தை நிறுத்திய பிறகும் சூட்டுத் தட்டின் மேலேயே எண்ணெய் உட்கார்ந்திருக்கும், எடுக்கப் பிடியில்லை. புகை கிளம்பிவிட்டால் சுவரிலுள்ள சுவிட்சை அணைத்து, ஈரமில்லாத ஸ்டீல் தட்டு ஒன்றால் வாயை மூடி, ஆறும்வரை தொடாமல் இருக்க வேண்டும். தண்ணீரை ஊற்றவே கூடாது. குக்கரின் சொந்த மூடியைப் போட்டுப் பூட்டவும் கூடாது.

அடுக்களைக்காரி, இரணியல்

முல்லைப்பந்தல் சகோதரி, அண்ணாச்சி அறிவியலைச் சொல்லிவிட்டார். நான் சமையலைச் சொல்கிறேன். இதே வகைக் குக்கரில் நாள்தோறும் சமைப்பவள் என்பதால் சில விவரங்கள் உங்களுக்கு உதவக்கூடும்.

ஆறு லிட்டர் பானைக்கு வதக்குவதற்கு இரண்டு மேசைக்கரண்டி எண்ணெய் தாராளமாகப் போதும். கூட்டம் வரும் நாளில் மூன்று. பல குக்கர்களில் உட்பானையின் அடி நடுவில் சற்று மேடாக இருக்கும். அதனால் ஊற்றிய எண்ணெய் ஓரத்துக்கு ஓடி, நடுவில் வறண்டு நிற்கும். பலர் எண்ணெய் போதவில்லை என்று நினைத்து மேலும் மேலும் ஊற்றுவது இதனால்தான். எண்ணெயைக் கூட்டுவதற்குப் பதிலாக, சின்ன உள்ளியைப் போட்டதும் விடாமல் கிளறிக்கொண்டிருங்கள். கறிவேப்பிலையைக் கழுவினால் துணியில் ஒற்றி ஈரம் போக்கிய பிறகே போடுங்கள். ஆழமான பானைக்குள் குனிந்து பார்க்கும்போது தெறித்தால் முகத்தில்தான் விழும். உண்மையில், கடுகு தாளிப்பதை மட்டும் நான் இன்னும் தாளிப்புக் கரண்டியில்தான் செய்கிறேன். ஒரு கரண்டி எண்ணெய் அந்த அகன்ற அடியில் கடுகு மூழ்கும் அளவுக்கு நிற்பதில்லை. கடுகு பொரிவதற்கு முன்பே கருகிவிடுகிறது.

வதக்கி முடிந்ததும் பட்டனை அணைத்து, அரை டம்ளர் தண்ணீரை மெதுவாக ஓரத்தில் விட்டு, அடியில் ஒட்டியிருப்பதை மர அகப்பையால் முழுவதும் சுரண்டிவிட வேண்டும். இந்தப் படியைத் தவறவிட்டால், மூடியைப் பூட்டிய சிறிது நேரத்தில் அடி பிடித்துவிட்டது என்று திரையில் எச்சரிக்கை வந்து குக்கர் நின்றுவிடும். எச்சரிக்கை வந்ததும் எண்ணெய் விட்டால் சரியாகிவிடும் என்று சிலர் சொல்லிக் கேட்டிருக்கிறேன், அது சரியன்று. குறைவது தண்ணீர். ஆறு லிட்டர் குக்கருக்குக் குறைந்தது 375 மில்லி நீர்மம் வேண்டும் என்பது பொதுவாகச் சொல்லப்படும் அளவு. அந்தக் கணக்கில் எண்ணெயைச் சேர்க்கவே கூடாது; தக்காளி விடும் சாற்றை நம்பியும் இருக்க வேண்டாம்.

தீயலைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். தேங்காயைச் சிவக்க வறுத்து, எண்ணெய் பிரியும்வரை அரைப்பதால் அந்த அரைப்பிலேயே வேண்டிய எண்ணெய் இருக்கிறது. போதாதற்கு அது கெட்டியாக அடியில் போய்ப் படியும். ஆகவே தேங்காயை இரும்புச் சட்டியில் தனியாக வறுத்து அரைத்து வைத்துக்கொண்டு, கடலையையோ மொச்சையையோ புளித்தண்ணீரில்லாமல் குக்கரில் வேகவைத்து, அழுத்தம் முழுவதும் இறங்கி மூடியைத் திறந்த பிறகே புளியையும் அரைப்பையும் சேர்த்து, வதக்கும் பட்டனில் ஒரு கொதி விடுங்கள். எண்ணெய் மேலே மிதந்து வரும் அந்தப் பதத்தை மூடியைத் திறந்து வைத்துத்தான் கண்ணால் பார்த்து எடுக்க முடியும். கத்தரிக்காய்த் தீயலுக்குக் குக்கரே வேண்டாம், குழைந்துவிடும். அவியலுக்கும் அப்படியே, காய் வெந்து தேங்காய் சேர்த்த பிறகு கடைசியில் பச்சைத் தேங்காய் எண்ணெயை ஊற்றி மூடி வைத்தால்தான் அந்த மணம் நிற்கும். அழுத்தத்துக்கு முன்பே ஊற்றுவது எண்ணெயை வீணாக்குவது.

உங்கள் மாமியார் செய்வது சரிதான் என்று அவரிடம் சொல்லுங்கள். பருப்பிலும் சம்பா அரிசியிலும் விடும் ஒரு சிறு கரண்டி எண்ணெய் நுரையை அடக்குகிறது. நுரை அடங்கினால் வால்வ் அடைபடாது. ஆனால் சிறு கரண்டியோடு நிறுத்திக்கொள்ள வேண்டும், பருப்பும் பயறும் வைக்கும்போது பானையின் பாதிக்கு மேல் நிரப்பவும் கூடாது. எண்ணெய் விட்டிருக்கிறோமே என்று முக்கால் பானை நிரப்பினால் அந்த எண்ணெயால் ஒரு பயனும் இல்லை.

ஏத்தங்காய் உப்பேரி, முந்திரிக்கொத்து போன்ற எண்ணெயில் பொரிக்கும் பண்டங்களுக்கு வாணலியை விட்டால் வேறு பாத்திரம் கிடையாது. பிள்ளைகள் கேட்ட கோழிக்கும் அதே பதில்தான். வேண்டுமானால் கோழியை மசாலா தடவி, சிறிது தண்ணீருடன் குக்கரில் முக்கால் பதம் வேகவைத்து, ஈரம் போகத் துடைத்து ஆறவைத்து, வாணலியில் குறைந்த எண்ணெயில் மொறுமொறுப்பாக வறுத்துக் கொடுங்கள். எலும்பருகில் வெந்திருக்கிறதா என்ற கவலையும் இருக்காது.

மின்கருவிப் பழுதுபார்ப்பவர், வடசேரி

எங்கள் கடைக்கு வரும் குக்கர்களை வைத்து இரண்டொரு செய்திகளைச் சேர்க்கிறேன். எண்ணெயால் வரும் பழுது பெரும்பாலும் பானைக்குள் நடப்பதில்லை, பானைக்கு அடியில்தான் நடக்கிறது. உட்பானையை எண்ணெய்க் கையால் எடுத்து வைப்பதும், ஊற்றும்போது வெளிப்புறமாக வழிந்ததைத் துடைக்காமல் விடுவதும் வழக்கம். அது சூட்டுத் தட்டில் கருகிப் படிந்து, நடுவில் உள்ள உணரிக்கும் பானைக்கும் இடையே ஒரு படலமாகிவிடுகிறது. அதன் பிறகு உணரி காட்டும் சூடும் பானையின் உண்மையான சூடும் ஒன்றாக இருப்பதில்லை. ஒவ்வொரு முறையும் பானையின் வெளிப்புறத்தையும் தட்டையும் உலர்ந்த துணியால் துடைத்த பிறகே பானையை வையுங்கள். தட்டில் படிந்திருந்தால் மின்இணைப்பைக் கழற்றி, ஆறிய பிறகு, பிழிந்த ஈரத்துணியால் துடைக்கலாம். வெளிக்கூட்டுக்குள் தண்ணீர் ஊற்றிக் கழுவியவர்களும் இருக்கிறார்கள். அந்தக் குக்கரை நான் திருப்பி அனுப்புவதைத் தவிர வேறு வழியில்லை.

அடுத்தது மூடியில் மேலும் கீழும் அசையும் சிறு ஊசி. எண்ணெய்ப்பசையான ஆவி அதில் படிந்துகொண்டே இருக்கும். தேங்காய் எண்ணெய் ஏறத்தாழ 24 டிகிரிக்குக் கீழே உறையத் தொடங்குவது நமக்கெல்லாம் தெரிந்ததே. பேச்சிப்பாறை, குலசேகரம் பக்கத்தில் மார்கழி விடியற்காலையில் எண்ணெய்ப் புட்டி உறைந்து நிற்பதைப் போலவே இந்த ஊசியிலும் படலம் உறைந்து ஒட்டிக்கொள்ளும். ஊசி எழாததால் குக்கர் கெட்டுவிட்டது என்று கொண்டுவருகிறார்கள். ஆபத்து அதற்கு எதிர்ப்புறத்தில்தான் இருக்கிறது: எழுந்த ஊசி இறங்காமல் சிக்கிக்கொண்டால், அழுத்தம் இருக்கிறதா இல்லையா என்பது தெரியாமல் போய்விடும். மூடியை வெந்நீரிலும் சோப்பிலும் கழுவி, ஊசி தடையின்றி மேலும் கீழும் அசைகிறதா என்று விரலால் தட்டிப் பார்த்துவிட்டுச் சமையலைத் தொடங்குங்கள். ஆவி வெளியேறும் துளையின் உட்புறத்தில் இருக்கும் சிறு கம்பிக் கூண்டையும் கழற்றிக் கழுவ வேண்டும்.

கேஸ்கெட் எளிதாகப் பொருந்த வேண்டும் என்று அதில் எண்ணெய் தடவுவது பழைய ரப்பர் வளையக் காலத்துப் பழக்கம். இந்த சிலிக்கான் வளையத்துக்கு அது வேண்டாம்; எண்ணெயும் மீன் மசாலாவும் சேர்ந்த மணத்தை அது பிடித்துவைத்துக்கொள்ளும். பாயசத்துக்கும் இறைச்சிக்கும் தனித்தனி வளையம் வைத்துக்கொள்வது நல்லது. விரிசலோ தளர்ச்சியோ தெரிந்தால் உடனே மாற்றுங்கள். ஒன்றும் தெரியாவிட்டாலும் ஒன்று, ஒன்றரை ஆண்டில் மாற்றிவிடுவது வழக்கம்.

துபாயிலிருந்து வந்தது என்கிறீர்கள். அங்கும் நம்மைப் போலவே 230 வோல்ட் என்பதால் மின்னழுத்தத்தில் சிக்கல் இல்லை. ஆனால் பிளக் மூன்று தட்டையான முனைகள் கொண்டதாக இருக்கும். 1,000 வாட் கருவி நான்கு ஆம்பியருக்குச் சற்று மேல் இழுக்கும். தளர்வான அடாப்டரில் அது சூடாகும், அடாப்டர் எண்ணெய்ப்பசையோடு அடுப்படியில் இருந்தால் இன்னும் மோசம். பிளக்கையே மாற்றிவிடச் சொல்லுங்கள்.

முல்லைப்பந்தல், தக்கலை

எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி. அக்கா சொன்ன முறையில் கோழியை வேகவைத்து வறுத்துக் கொடுக்க முடிவு செய்திருக்கிறேன். இன்னும் ஓர் ஐயம் மட்டும் இருக்கிறது. மாட்டிறைச்சியோ ஆட்டிறைச்சியோ வேகவைக்கும்போது நாம் எண்ணெய் ஊற்றாவிட்டாலும் கொழுப்பு உருகி மேலே ஒரு விரற்கடை அளவுக்கு மிதக்கிறது. அதற்கும் எண்ணெய்க்குச் சொன்ன எச்சரிக்கை பொருந்துமா?

வேளிமலை, முன்னாள் இயற்பியல் ஆசிரியர்

நல்ல கேள்வி. அடியில் போதிய தண்ணீர் இருப்பதால் சூடு எல்லை மீறாது. அந்தக் கவலை வேண்டாம். கவனிக்க வேண்டியது மூடியைத் திறக்கும் நேரம். மேலே மிதக்கும் கொழுப்பு, அடியிலிருக்கும் குழம்பின் ஆவியை எளிதில் வெளியேற விடாது. மேற்பரப்பு அமைதியாகத் தெரியும்; அடியிலோ கொதிநிலையை ஒட்டியோ அதற்குச் சற்று மேலாகவோ சூடான நீர் அடங்கிக் கிடக்கும். அகப்பையை விட்டதும் அது பொங்கித் தெறிக்கக் கூடும். ஆகவே இறைச்சிக்கும் எண்ணெய் மிகுந்த குழம்புக்கும் வால்வைத் திருப்பி ஆவியை விரைந்து வெளியேற்றாமல், பதினைந்து இருபது நிமிடம் தானாகவே அடங்க விடுங்கள். ஊசி இறங்கிய பிறகு, துணியால் பக்கப் பிடிகளைப் பிடித்துக் குக்கரை மெல்ல ஒருமுறை அசைத்து, மூடியின் திறப்பு உங்களுக்கு எதிர்ப்புறமாக இருக்கும்படி சாய்த்துத் திறக்க வேண்டும். இடையில் மின்தடை வந்தாலும் இதே விதிதான். மின்சாரம் போனதும் அழுத்தம் போய்விடுவதில்லை. இறைச்சிக்குத் தொடக்கத்தில் எண்ணெய் ஊற்றுவதையே தவிர்த்துவிடலாம்; உருகும் கொழுப்பு போதும்.

செவிலியர், ஆசாரிப்பள்ளம்

ஒரே ஒரு சேர்க்கை. எண்ணெயோ ஆவியோ பட்டுவிட்டால் நம் ஊரில் முதலில் கை போவது தேங்காய் எண்ணெய்ப் புட்டிக்கு; அடுத்தது பற்பசைக்கு. இரண்டுமே வேண்டாம். வெந்த இடத்தின் மேல் எண்ணெய் படிந்தால் சூடு உள்ளேயே தங்கிவிடும். மோதிரமோ வளையலோ இருந்தால் வீங்குவதற்கு முன் கழற்றிவிட்டு, குழாயைத் திறந்து, ஓடும் தண்ணீரில் இருபது நிமிடம் காட்டுங்கள். பனிக்கட்டி வைக்க வேண்டாம். கொப்புளத்தை உடைக்காமல் சுத்தமான துணியால் தளர்வாக மூடி, முகத்திலோ கண்ணருகிலோ மூட்டிலோ பட்டிருந்தாலும் உள்ளங்கையைவிடப் பெரிதாக இருந்தாலும், குழந்தைக்குப் பட்டிருந்தால் அளவு எதுவானாலும், உடனே மருத்துவமனைக்கு அழைத்து வாருங்கள்.